விடுதலைக்குப் பிறகும் வெடித்த குண்டுகள்



132 ஆண்டுகள் அல்ஜீரியாவை ஆண்ட பிரான்ஸ் 1962 ஜூலையில் வெளியேறியது என்று படிக்கிறீர்கள். கொடி இறங்கியது உண்மை. ஸஹாராவை விட்டுப் போனதா?

1960 பிப்ரவரி 13 அன்று ரகான் பாலைவனத்தில் பிரான்ஸ் தன் முதல் அணுகுண்டை வெடித்தது. ஹிரோஷிமா குண்டைப் போல் நான்கு மடங்குக்கும் மேல்! சொந்த மண்ணில் வெடிக்க மனம் வரவில்லை போலும். மொத்தம் 17 சோதனைகள். அதில் 11, நாடு விடுதலை பெற்ற பிறகு நடந்தவை. எப்படி? சோதனைத் தளங்களை மேலும் ஐந்தாண்டுகள் வைத்துக்கொள்ள எவியான் உடன்படிக்கையிலேயே வழி செய்துகொண்டார்கள். ஏழாண்டுக்கும் மேலாக இரத்தம் சிந்திய மக்கள் அந்தக் கையெழுத்தைப் போட்டுத்தான் விடுதலை வாங்க வேண்டியிருந்தது.

1962 மே முதல் நாள், இன் எக்கர் மலைக்குள் வெடித்த குண்டு மலையைப் பிளந்து கதிர்வீச்சு மேகத்தைக் கக்கியது. வேடிக்கை பார்க்க வந்த பிரெஞ்சு அமைச்சர்கள் இருவரும் ஓட்டம் பிடித்தார்கள். அங்கே ஒட்டகம் மேய்த்த துவாரக் மக்கள் எங்கே ஓடுவார்கள்?

தளங்களைக் காலி செய்தபோது கதிர்வீச்சு ஏறிய சாமான்களை மணலில் புதைத்துவிட்டுப் போனார்கள். இழப்பீட்டுச் சட்டம் 2010-ல்தான் வந்தது. அதில் பலன் பெற்ற அல்ஜீரியர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். எங்கே புதைத்தீர்கள், வரைபடத்தையாவது கொடுங்கள் என்று 2021-லும் அல்ஜீரியா கேட்டுக்கொண்டிருந்தது.