போர் நாவலும் அதன் ஆதாரங்களும்

இரண்டாம் உலகப் போரைக் களமாகக் கொண்டு எழுந்த தமிழ் நாவல்கள் மிகச் சில. அவற்றுள் தலைசிறந்தது ப. சிங்காரம் இயற்றிய 'புயலிலே ஒரு தோணி' என்பது பலருடைய முடிபு. என் முடிபும் அதுவே. 1972இல் வெளிவந்த அந்நூலைப் பற்றி இன்று அறிய விரும்புவோர் முதலில் நாடுவது இணையத்திலுள்ள கலைக்களஞ்சியமாகிய விக்கிப்பீடியாவையே. அங்கே இத்தகைய நாவலைப் பற்றிய கட்டுரைக்கு உறுதியான ஆதாரங்கள் சேர்ப்பது எவ்வாறு என்பதே இன்றைய பேச்சு.

பெரியசாமித் தூரன் அவர்களைத் தலைமைப் பதிப்பாசிரியராகக் கொண்டு, தமிழ் வளர்ச்சிக் கழகம் 1954 முதல் 1968 வரை பத்துத் தொகுதிகளாகக் கலைக்களஞ்சியம் வெளியிட்டது. துறைதோறும் வல்லார் எழுதினர். அவர்தம் புலமையே வாசகருக்குப் பிணை. 2003இல் தோன்றிய தமிழ் விக்கிப்பீடியாவிலோ, தாராவியிலுள்ள மாணவர் எழுதலாம். மாதுங்காவிலுள்ள ஓய்வுபெற்ற எழுத்தர் திருத்தலாம். ஆகவே அங்கு ஆள் பிணை இல்லை, அடிக்குறிப்பே பிணை.

போர் நாவலில் ஒரு தனி இடர் உண்டு. சிங்காரம் 1938இல் சுமத்திராத் தீவின் மேடான் நகருக்குப் பிழைப்புத் தேடிச் சென்றவர். போர் முடிந்தபின் 1946இல் தாயகம் திரும்பி, மதுரையில் 'தினத்தந்தி' நாளிதழில் நெடுங்காலம் பணியாற்றினார். கண்ணாற் கண்டவர் எழுதியதாயிற்றே என்று, கதையில் வருவன அனைத்தையும் வரலாறாகக் கொள்ளும் மயக்கம் எளிதில் நேரும். 1943 ஜூலையில் சுபாஷ் சந்திர போஸ் சிங்கப்பூர் வந்து சேர்ந்தது வரலாறு. அதற்கு, இந்திய தேசிய இராணுவம் குறித்துப் பீட்டர் ஃபே 1993இல் வெளியிட்டது போன்ற வரலாற்று நூலைக் காட்டவேண்டும். கதைத்தலைவன் பாண்டியன் அப்படையில் சேர்ந்து ஆற்றுவன கதை. அதற்கு நாவலின் பக்கமே போதும். ஆனால் எந்தப் பதிப்பின் பக்கம் என்று சொல்ல வேண்டும். ஏனெனில் சிங்காரத்தின் இரு நாவல்களும் பிற்காலத்தில் ஒரே தொகுப்பாகவும் வந்துள்ளன. பக்க எண்கள் ஒத்திரா.

ஆண்டு பற்றியும் கவனம் தேவை. இந்நாவல் 1962 அளவில் எழுதப்பட்டு, பத்தாண்டுகள் அச்சேறாது கிடந்தது என்பர். நூலின் பதிப்புக் குறிப்பு 1972க்கு மட்டுமே சான்றாகும். எழுதிய காலத்திற்கு ஆசிரியரின் முன்னுரையோ பேட்டியோ வேண்டும். பதிப்பகத்தார் பின்னட்டையில் பொறிக்கும் புகழுரை விளம்பரமேயன்றித் திறனாய்வு ஆகாது. விக்கிப்பீடியாவிலிருந்தே படியெடுத்த கட்டுரையை அதற்கே ஆதாரமாகக் காட்டுவோரும் உளர். தன் தோளில் தானே ஏற முயலும் வித்தை அது!

இவ்வளவு கண்டிப்பு எதற்கு என்று கேட்கலாம். சயாம்–பர்மா இரயில் பாதையில் மடிந்த தமிழ்த் தொழிலாளரின் பெயர்கள்கூட முழுமையாகப் பதிவாகவில்லை. ஊர்விட்டுப் போன எளியவரைப் பற்றி ஏடுகள் குறைவு என்பது மும்பைத் தமிழருக்குச் சொல்லித் தெரிய வேண்டியதன்று. அத்தகையோர் வாழ்வைப் பேசும் நாவலைப் பற்றிய கட்டுரையில் ஆதாரமற்ற ஒரு வாக்கியம் அகப்பட்டாலும், மெய்யான ஒன்பதும் ஐயத்துக்கு உள்ளாகும்.

ஆதாரம் தேடச் சென்னைக்கே போகவேண்டும் என்பதில்லை. 1954ஆம் ஆண்டுச் சட்டப்படி, இந்தியாவில் வெளியாகும் நூல் ஒவ்வொன்றிலும் ஒரு படியைப் பெறுதற்குரிய நூலகங்களுள் ஒன்று மும்பை டவுன் ஹாலிலுள்ள நடுவண் நூலகம். செம்பூரிலிருந்து துறைமுகப் பாதையிலும், மாதுங்காவிலிருந்து மத்தியப் பாதையிலும் கடைசி நிலையத்தில் இறங்கினால் அது அண்மையிலேயே உளது. சட்டம் இருந்தும் படி அனுப்பாத பதிப்பாளர் உண்டு. ஆதலின் முதலில் தமிழ் நூற்பட்டியலைக் கேட்டுப் பார்ப்பது நன்று. நூல் கைக்கு வந்தால் அட்டையோடு நிற்காமல், தலைப்புப் பக்கத்தின் மறுபுறத்திலுள்ள பதிப்பாண்டு, பதிப்பகம், பதிப்பின் வரிசை எண் ஆகியவற்றைப் பிழையின்றி எழுதிக்கொள்ளுங்கள். அந்த ஒரு பக்கத்தைக் கொண்டே கட்டுரையின் முதல் அடிக்குறிப்பை இட்டுவிடலாம்.