பேரக்குழந்தையும் ஹேபியஸ் கார்பஸ் மனுவும்

(சங்கக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



சட்டம் பற்றிப் பேசு என்றால் உயில், பாகப்பிரிவினை என்றுதான் எல்லோரும் எதிர்பார்ப்பீர்கள். ஆனால் சமீப காலமாக நம் அங்கத்தினர்கள் என்னிடம் கேட்பது வேறு. "பெண் குழந்தையோடு அகத்துக்கு வந்துவிட்டாள். மாப்பிள்ளை ஹேபியஸ் கார்பஸ் போட்டுவிட்டார். வாசலில் போலீஸ் நிற்கிறது. நாங்கள் என்ன, குழந்தையைக் கடத்தியா வைத்திருக்கிறோம்?" கேட்பவர் எழுபது வயதுத் தாத்தா. மனுவில் அவரும் ஓர் எதிர்மனுதாரர்!

முதலில் பயத்தை விடுங்கள். இது உங்கள் மேல் போட்ட குற்ற வழக்கு அல்ல. அரசியல் சாசனத்தின் 226ஆவது ஷரத்துப்படி ஹைகோர்ட்டிலும், 32ஆவது ஷரத்துப்படி சுப்ரீம் கோர்ட்டிலும் போடும் ஆட்கொணர்வு மனு. குழந்தையை ஆஜர்படுத்தச் சொல்லி உத்தரவு வந்தால் அழைத்துப் போக வேண்டும், அவ்வளவுதான். உத்தரவு வந்த பிறகு குழந்தையை வேறு ஊரில் சித்தி வீட்டுக்கு அனுப்பினால் மட்டும் வம்பு. அது கோர்ட் அவமதிப்பு.

இந்த மனுவை ஏன் நாடுகிறார்கள்? வேகம். 1890ஆம் வருஷத்து கார்டியன்ஸ் அண்ட் வார்ட்ஸ் சட்டப்படி போனால் சாட்சி, குறுக்கு விசாரணை, வாய்தா. குழந்தை அதற்குள் இரண்டு வகுப்பு ஏறிவிடும். ரிட்டில் பெரும்பாலும் பிரமாணப் பத்திரங்களை வைத்தே முடிவு. என் அபிப்பிராயத்தில் அதன் பலமும் இதுதான், ஆபத்தும் இதுதான்.

இரண்டு வழக்குகளைப் பாருங்கள். 2019இல் சுப்ரீம் கோர்ட்டுக்கு வந்தது மும்பை வழக்கு. தாய் புற்றுநோயில் காலமாகிவிட்டார். இரண்டு வயதுகூட ஆகாத குழந்தை தாய்வழி உறவினரிடம். சட்டப்படி இயற்கைக் காப்பாளர் தகப்பனார். வைத்திருப்பவர்களுக்குச் சட்டத்தின் ஆதாரம் இல்லை. மனு செல்லும் என்று சொல்லிக் குழந்தையைத் தகப்பனாரிடம் கொடுத்தார்கள். 2024இல் மத்தியப் பிரதேச வழக்கு. இங்கேயும் தாய் இல்லை, குழந்தை பெரியம்மா, சித்திகளிடம். தகப்பனாரிடம் ஒப்படைக்கும்படி ஹைகோர்ட் போட்ட உத்தரவை சுப்ரீம் கோர்ட் ரத்து செய்தது. குழந்தை ஒன்றும் அசையும் சொத்து அல்ல; இடம் மாற்றினால் அதன் மனசு என்ன ஆகும் என்று பார்க்காமல் கொடுக்க முடியாது; காப்பாளர் வழக்காக நடத்துங்கள் என்றது. உரிமை யாருக்கு என்ற கேள்விக்குப் பின்னால் குழந்தையின் க்ஷேமம் என்ற கேள்வி நிற்கிறது.

வெளிநாட்டு விஷயம் நம்மவர்களுக்கு முக்கியம். 1980ஆம் வருஷத்து ஹேக் உடன்படிக்கையில் இந்தியா சேரவில்லை. அதனால்தான் அங்கே கோர்ட் உத்தரவு வாங்கிய கணவர் இங்கே ஹேபியஸ் கார்பஸ் போடுகிறார். 2015இல் இங்கிலாந்திலிருந்து கோயமுத்தூர் வந்த இரு பெண் குழந்தைகளின் வழக்கில், அந்த நாட்டு கோர்ட்டுக்கு சுப்ரீம் கோர்ட் மதிப்பளித்தது. 2017இல் மூன்று நீதிபதிகள், வெளிநாட்டு உத்தரவு கவனிக்க வேண்டிய அம்சங்களில் ஒன்றுதான், க்ஷேமமே பிரதானம் என்று சொல்லிவிட்டார்கள். எனவே "அமெரிக்காவில் ஜட்ஜ்மெண்ட் ஆகிவிட்டது" என்று சம்பந்தி சொன்னால் கலங்க வேண்டாம். அதைக் குப்பையில் போடவும் வேண்டாம்.

பலருக்குத் தெரியாத ஒன்று. அந்த 1890 சட்டத்தின் 12ஆவது பிரிவிலேயே குழந்தையை ஆஜர்படுத்தவும், இடைக்காலமாக ஒருவரிடம் ஒப்படைக்கவும் உத்தரவு கேட்கலாம். பெண் வந்த கையோடு குடும்ப நீதிமன்றத்தில் மனு போட்டு வையுங்கள். பள்ளிக்கூட அட்மிஷன், தடுப்பூசி அட்டை பத்திரமாக இருக்கட்டும். முக்கியமாக, அப்பா போன் பண்ணினால் குழந்தையிடம் கொடுத்துவிடுங்கள். போனைப் பிடுங்கி வைத்த தாத்தாவுக்காக வாதாடுவது வக்கீலுக்கு மகா சிரமம்!

"ஐந்து வயது வரை அம்மாவிடம்தானே?" என்று ஒரு மாமி கேட்டார். 1956ஆம் வருஷத்து ஹிந்து மைனாரிட்டி சட்டத்தின் 6ஆவது பிரிவு "சாதாரணமாக" என்றுதான் சொல்கிறது. ஐந்து முடிந்த மறுநாள் தகப்பனாரிடம் போக வேண்டும் என்றும் அதில் இல்லை. 13ஆவது பிரிவு க்ஷேமத்தைத்தான் பார்க்கச் சொல்கிறது. 1999இல் எழுத்தாளர் கீதா ஹரிஹரன் ரிசர்வ் வங்கிக்கு எதிராகப் போட்ட வழக்கில், தகப்பனார் உயிரோடு இருக்கும்போதே தாயும் காப்பாளராகலாம் என்று தீர்ப்பானது. அதனால் பெற்ற தாயிடம் இருக்கும் குழந்தையை சட்டவிரோதக் காவலில் இருப்பதாக நிரூபிப்பது சுலபமில்லை மாமி.