மரத்தின் காலமும் படத்தின் காலமும்

மரங்களைத் திரையில் காட்டுவது பற்றிய இக்கருத்தரங்குக்குத் தலைமையேற்க அழைத்த நண்பர்களுக்கு நன்றி. தலைமையுரை நீண்டால் முதல் அமர்வுக்காரர் என்னைச் சபிப்பார். ஆகவே ஒரு படத்தை மட்டும் எடுத்துக்கொள்கிறேன்.

2013இல் வெளிவந்த ‘இல் எத்தே யூன் ஃபோரே’ என்ற பிரெஞ்சுப் படம் அது. இயக்கியவர் பெங்குவின் படத்துக்காக ஆஸ்கர் பெற்ற லுக் ஜாக்கே. ஆனால் படத்தின் கண், பிரான்சிஸ் ஹாலே என்ற தாவரவியலாளருடையது. வெப்பமண்டல மரங்கள் கிளைவிடும் ஒழுங்கைச் சக ஆய்வாளர் ஓல்டமனோடு சேர்ந்து ஆராய்ந்து, மரங்களின் கட்டமைப்பை இருபத்துச் சொச்சம் மாதிரிகளுக்குள் அடக்கிக் காட்டியவர் இவர். கிளைவிடாமல் உயரும் தென்னை ஒரு மாதிரி. தட்டுத்தட்டாக விரியும் நாட்டு வாதுமை இன்னொன்று. ஒரே முறை பூத்து மடியும் தாளிப்பனை வேறொன்று.

காட்டு உச்சியில் என்ன நடக்கிறது என்பது கீழே நின்று பார்ப்பவருக்குப் பெரும்பாலும் எட்டாது. அதற்காக ஹாலேயும் தோழர்களும் 1986இல் பிரெஞ்சு கயானாவில் ஒரு வேலை செய்தார்கள். காற்றடைத்த குழாய்களுக்கு நடுவே வலை கட்டிய பெரிய மிதவையை வான்கப்பலில் தூக்கிச் சென்று மர உச்சிகளின்மேல் இறக்கிவைத்தார்கள். அந்த மனிதரைத்தான் ஜாக்கே பெருவுக்கும் காபோனுக்கும் அழைத்துப்போனார்.

படத்தின் கணக்கில், அழிக்கப்பட்ட காடு மீண்டும் முதுகாடாவதற்கு ஏறத்தாழ 700 ஆண்டுகள். அதைப் படமாக்குவது எப்படி? 1910இலேயே படமெடுப்பாளர் பெர்சி ஸ்மித் மொட்டு விரிவதை விரைவுபடுத்தி, செடியின் காலத்தை நம் பொறுமைக்குள் சுருக்கிக் காட்டிவிட்டார். இயக்குநர் ஜேம்ஸ் பென்னிங் 2004இல் எதிர்த்திசையில் போனார். பதின்மூன்று ஏரிகள், ஏரிக்குப் பத்து நிமிடம், அசையாத கேமரா. பார்ப்பவர்தான் தன் வேகத்தைக் குறைத்துக்கொள்ள வேண்டும்.

ஜாக்கே கோட்டோவிய அசைவூட்டத்தை நாடினார். திரையில் இலைகளும் விழுதுகளும் கிடுகிடுவென வளர்கின்றன. அழகுதான், மறுக்கவில்லை. ஆனால் எனக்கு அந்த இடங்கள் மனத்தில் தங்கவில்லை. வேகம் வந்ததும் மரம் ஒரு விலங்கைப்போல ஆகிவிடுகிறது. தங்கியது வேறு: காபோனின் மோவாபி மரத்தின்மேல், குறிப்பேட்டை மடியில் வைத்து ஹாலே வரைந்துகொண்டிருக்கும் காட்சி. மோவாபி நம் இலுப்பையின் குடும்பத்தைச் சேர்ந்தது. அங்கேயும் அதன் விதையிலிருந்து எண்ணெய் எடுக்கிறார்கள். அதன் பழத்தைத் தின்னும் யானைகள் விதையைத் தொலைவுக்குக் கொண்டுபோகின்றன. மரமோ காய்க்கத் தொடங்கவே பல பத்தாண்டுகள் எடுத்துக்கொள்கிறது. அதற்குள் மரவியாபாரியின் ரம்பம் வந்துவிடுவதும் உண்டு.

வரையும் கை ஒவ்வொரு கிளையும் எங்கே பிரிகிறது என்று பார்த்தாக வேண்டும், தவிர்க்க வழியில்லை. கேமராவுக்கு அந்தக் கட்டாயம் இல்லை. கவனிக்காமலும் அது பதிவு செய்துவிடும். இயற்கைப் படங்களில் பல அழகாயிருந்தும் வெறுமையாயிருப்பதற்குக் காரணம் இதுவே என்பது என் கருத்து. மறுப்பவர்கள் இந்த அவையிலேயே இருக்கிறார்கள், பிற்பகல் அமர்வில் என்னை ஒரு கை பார்க்கட்டும்.

கட்டுரை வாசிப்போருக்கு ஒரு வேண்டுகோள். நீங்கள் பேசும் காட்சி திரையில் எத்தனை வினாடி ஓடுகிறது, அதில் மரத்தின் எவ்வளவு காலம் அடங்கியிருக்கிறது, அது என்ன மரம் என்ற மூன்றையும் முதலிலேயே சொல்லிவிடுங்கள். ‘ஒரு பெரிய மரம்’ என்று யாராவது வாசித்தால் அங்கேயே நிறுத்திக் கேட்பேன். இனி முதல் கட்டுரையாளர் வரலாம்.