கருத்தில் எழுந்த கோயில்



பொருளின்றி நெஞ்சுக்குள்ளேயே கோயில் எடுத்தவர் திருநின்றவூர்ப் பூசலார். நம் விழுப்புரம் மாவட்டத்து மண்டகப்பட்டில் கோயில் எடுத்தவனோ பொருளுக்குக் குறைவில்லாத பல்லவன், முதலாம் மகேந்திரவர்மன். செங்கல், மரம், உலோகம், சுண்ணாம்பு இன்றி மும்மூர்த்திகட்கும் இதனை ஆக்கியதாக 7ஆம் நூற்றாண்டில் கல்லில் பொறித்தான். அங்கே அவன் சூடிய பெயர் விசித்திரசித்தன். வியத்தகு சிந்தையன் என்பது பொருள்.

கட்டிய சுவர் பிழைத்தால் பிரித்துக் கட்டலாம். குடைவரையில் அது இயலாது. தூணை நிறுத்துவதில்லை, தூணாக வேண்டியதை விட்டு மற்றதைக் குடைந்தெடுக்கிறார்கள். எனவே உளி படுமுன்பே முழுக் கோயிலும் ஒருவன் மனக்கண்ணில் நின்றாக வேண்டும். அவன் மன்னன்தானா? தச்சன் பெயரைக் கல்வெட்டு கூறவில்லை. அந்தப் பட்டத்தில் பாதியேனும் அவனுக்குரியது என்பேன். திண்டிவனம் செல்வோர் தளவானூரையும் பார்த்துவிட்டு எனக்கு மறுப்புக் கூறலாம்.