கோட்டையூர்த் தமிழரும் சமோவாத் தீவினரும்



பசிபிக் பெருங்கடலில் சமோவா என்னும் தீவுக்கூட்டம் உளது. அங்குள்ள சவாயித் தீவில் ராபர்ட் பிளாஹர்ட்டி என்ற அமெரிக்கர் தம் குடும்பத்துடன் ஓராண்டுக்கு மேல் தங்கி, 'மோவானா' என்ற திரைப்படத்தை எடுத்தார். தென்னை ஏறும் சிறுவன், மரப்பட்டையை அடித்துத் துணியாக்கும் மாதர், இளைஞனுக்குப் பச்சை குத்தும் சடங்கு ஆகியவற்றை அதில் காணலாம். 1926ஆம் ஆண்டு வெளிவந்த அப்படத்தைப் பற்றி எழுதும்போதுதான் ஜான் கிரியர்சன், 'டாக்குமெண்டரி' என்னும் சொல்லைத் திரைப்படத்திற்கு ஆண்டார். நாம் அதனை ஆவணப்படம் என்கிறோம்.

ஆனால் ஒரு செய்தி. அக்காலத்தே அத்தீவினரில் பலர் மேலைநாட்டு உடைக்கு மாறிவிட்டிருந்தனர். பிளாஹர்ட்டியோ அவர்களைப் பழைய உடை உடுத்தச் செய்தார். பச்சை குத்திக்கொள்ள ஓர் இளைஞனுக்குப் பொருளும் கொடுத்தார். குத்திய வலி மெய்; குத்தக் காரணம் படம். இதனை ஆவணம் என்னலாமா? நான் பள்ளியில் இவ்வினாவை எழுப்பியபோது, "எங்கள் பாட்டி கையிலும் பச்சை உண்டு ஐயா, அதற்கு யாரும் காசு தரவில்லை" என்றான் ஒரு மாணவன். வகுப்பே சிரித்தது, விடை மட்டும் எனக்கு எளிதில் அகப்படவில்லை.

வேறொரு வழியைக் காட்டியவர் நம் காரைக்குடிக்கு அண்மையிலுள்ள கோட்டையூரில் 1911ஆம் ஆண்டு பிறந்த ஏ. கே. செட்டியார். டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் ஒளிப்படக் கலை பயின்றவர் அவர். 1937ஆம் ஆண்டு அக்டோபர் 2ஆம் நாள், நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குச் செல்லும் கப்பலில், காந்தியடிகளைப் பற்றிப் படமெடுக்கும் எண்ணம் அவருக்கு உதித்தது. அப்போது அவருக்கு வயது இருபத்தாறுகூட நிரம்பவில்லை! எவரையும் நடிக்கச் சொல்லாமல், முப்பது ஆண்டுகளில் நூறு ஒளிப்பதிவாளர்கள் வெவ்வேறிடங்களில் எடுத்த சுருள்களை நாடு நாடாகத் தேடினார். ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் பயணம். திரட்டியது 50,000 அடி. படமானது 12,000 அடி. 1940ஆம் ஆண்டு ஆகஸ்டில் தமிழ் விளக்கவுரையுடன் சென்னையில் அது திரையிடப்பட்டது. நம் விடுதலை வேளையில், 1947ஆம் ஆண்டு, இந்தி வடிவில் தில்லியில் காட்டப்பட்டது. 1953இல் அமெரிக்காவில் சுருக்கமான ஆங்கில வடிவம் வெளிவந்தது.

அதே கோட்டையூரினரான ரோஜா முத்தையா அரிதின் சேர்த்த நூல்கள் இன்று சென்னையில் ஓர் ஆராய்ச்சி நூலகமாக விளங்குகின்றன. படச்சுருளுக்கு அந்தப் பேறு வாய்க்கவில்லை. செட்டியாரின் மூலத் தமிழ்ப் படம் முழுமையாகக் கிட்டவில்லை. அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றிலிருந்து மீண்டு வந்தது ஆங்கிலச் சுருக்கமே.

'மோவானா' ஒலியில்லாப் படம். பிளாஹர்ட்டியின் மகள் மோனிகா, 1975ஆம் ஆண்டு சமோவாவுக்குத் திரும்பிச் சென்று, அத்தீவினரின் பேச்சையும் பாட்டையும் பதிவு செய்து அதனுடன் இணைத்தார். ஊமையாய்ப் பிறந்த படம் தன் மக்களின் மொழியில் பேசலாயிற்று. தமிழ் பேசிப் பிறந்த கோட்டையூராரின் படமோ, எஞ்சியுள்ள சுருளில், ஆங்கிலத்தில் பேசிக்கொண்டிருக்கிறது.