தரையில் கிடந்த மூக்குக்கண்ணாடி



இன்று நாம் சொல்ல வந்தது ஒரு வேடிக்கையான சங்கதி. ஆனால் சிரித்துவிட்டுப் போய்விடக் கூடியதல்ல.

அமெரிக்காவில் சான்பிரான்சிஸ்கோ நகரத்து நவீன கலை மியூசியத்துக்கு 2016-ம் வருஷம் மே மாதத்தில் இரண்டு பையன்கள் போனார்கள். அங்கே ஒரு கம்பளியின்மேல் துணிப்பொம்மை வைத்திருந்தது. இதையெல்லாம் கலையென்று வைப்பதா என்று அவர்களுக்குச் சந்தேகம். சந்தேகப்பட்டதோடு நில்லாமல் பரீட்சை செய்யத் துணிந்தார்கள். முதலில் ஒரு மேல்சட்டையைத் தரையில் போட்டார்கள். சட்டையை யாரும் சட்டை செய்யவில்லை! தொப்பியை வைத்தார்கள், அதற்கும் யோகமில்லை. கடைசியாக ஒரு மூக்குக்கண்ணாடியைச் சுவரிலிருந்த விளக்கக் குறிப்பின் கீழே வைத்துவிட்டு ஒதுங்கினார்கள். உடனே கூட்டம் கூடிற்று. ஒருவர் தரையில் குப்புறப் படுத்துப் போட்டோ எடுத்தார்.

பார்த்தவர்களெல்லாம் மூடர்களென்று நாம் சொல்ல வரவில்லை. மூடர்களாயிருந்தால் சட்டைக்கும் தொப்பிக்குமே விழுந்திருப்பார்களே! கண்ணாடிக்குக் கிடைத்த மரியாதையில் பெரும் பங்கு, மேலே சுவரிலிருந்த குறிப்புக்கே உரியது என்பது நமது அபிப்பிராயம். உங்கள் சிரிப்பைப் பார்த்தால் வேறு ஏதேதோ ஞாபகத்துக்கு வருகிறதுபோல் தெரிகிறது. அது இன்னொரு நாளைக்கு இருக்கட்டும்.

புதுக்கலை முழுவதும் மோசடியென்று இதைக்கொண்டு சாதிப்பவர்களோடும் நாம் சேரமாட்டோம். 1917-ல் மூத்திரப் பீங்கான் ஒன்றில் பொய்க் கையெழுத்திட்டு நியூயார்க் கண்காட்சிக்கு அனுப்பிய மார்செல் துஷாம்ப் கிளப்பியதும் இந்தக் கேள்வியைத்தானே!

பையன்களுக்கு முன்பே, 2005-ல், லண்டன் பிரிட்டிஷ் மியூசியத்தில் இதைவிடப் பெரிய குறும்பு நடந்தது. பாங்க்ஸி என்ற புனைபெயர்க்காரச் சித்திரக்காரர், ஒரு கான்கிரீட் துண்டில் ஆதிகால மனிதன் கடைச் சாமான் வண்டி தள்ளிப் போவதாக எழுதி, மியூசியத்தார் எழுதுவதுபோலவே ஒரு குறிப்பட்டையும் தயாரித்து, ரோமர் காலத்துப் பொருள்களுக்கு நடுவே தாமே சுவரில் மாட்டிவிட்டார். ஆதிகாலத்தில் ஏதய்யா சாமான் வண்டி என்று கேட்க நாதியில்லை! மூன்று நாள் அந்தக் கல் அங்கே கம்பீரமாக இருந்தது. பிறகும் மியூசியத்தார் தாமாகக் கண்டுபிடிக்கவில்லை; பாங்க்ஸியே வெளியிட்ட பிறகுதான் தேடினார்கள்.

இந்தக் குறும்புகளில் எதையும் உடைக்கவில்லை, திருடவில்லை, ஒருவரையும் நோகடிக்கவுமில்லை. ஒரு சாமானை அதிகப்படியாக வைத்தார்கள், அவ்வளவே. மியூசியத்தாரும் பெருந்தன்மையாகவே நடந்துகொண்டார்கள். 2018-ல், எதிர்ப்புக் காட்டியோரைப் பற்றி பிரிட்டிஷ் மியூசியம் ஒரு கண்காட்சி நடத்தியபோது, அதே கல்லைப் பாங்க்ஸியிடமிருந்து இரவல் வாங்கி வைத்தது. இந்தத் தடவை அதை உள்ளே கொண்டுவந்தவர்கள் மியூசியத்தாரே.