பத்திரிகை யாருடைய கையில்?
(பாசிர் கூடாங் தொழிலாளர் கூட்டத்தில் தோட்டக் கிராணி ஒருவர் ஆற்றிய சொற்பொழிவு)



நம் சங்கத்தைப் பற்றி ஓர் ஏட்டில் தவறான செய்தி வந்தது. அதை நான் வாசித்துக் காட்டியபோது பால்வெட்டும் அம்மா ஒருவர், "கிராணியாரே, இதை எழுதியவருக்கு யார் சொன்னது?" என்று கேட்டார். அந்தக் கேள்விக்கு விடையாக இலங்கைத் தோட்டத் தொழிலாளர் தலைவர் கோ. நடேசய்யரின் வரலாற்றைச் சொல்கிறேன்.

தஞ்சையிலிருந்து இலங்கை சென்றவர் அவர். துணி வியாபாரியைப் போலத் தோட்டங்களுக்குள் புகுந்து, லயங்களின் அவலத்தை நேரில் கண்டார். 1920களில் 'தேச நேசன்', 'தேச பக்தன்' ஆகிய ஏடுகளை நடத்தினார். தொழிலாளியின் துயரம் அச்சில் ஏறியது. துரைமாருக்கு அவர் கலகக்காரரானார்.

துரைமாரின் பகையில் வியப்பென்ன இருக்கிறது? தோழரின் ஏடே திரும்பியதுதான் நெஞ்சைச் சுடுகிறது! கொழும்பில் ஏ. ஈ. குணசிங்கா நடத்திய தொழிற்சங்கத்தில் ஐயர் உதவித் தலைவராக இருந்தார். சிங்களரும் இந்தியரும் ஒரே அணியில் நின்றனர். 1928-ஆம் ஆண்டளவில் தலைவர்கள் இருவரும் பிரிந்தனர். பின்னர் உலகப் பொருளாதார மந்தம் வந்து வேலை குறைந்தது. குணசிங்காவின் 'வீரய' ஏடு பழியை இந்தியத் தொழிலாளர் தலையில் சுமத்தியது. முதலாளியை நோக்கிப் பாய வேண்டிய பேனா, பக்கத்தில் நின்ற பாட்டாளியைக் குத்தியது!

ஐயர் சோர்ந்துவிடவில்லை. 1931-இல் அட்டனில் தோட்டத் தொழிலாளர் சம்மேளனத்தை அமைத்தார். 1936-இல் அட்டன் தொகுதியிலிருந்து அரசாங்க சபைக்குச் சென்றார். எழுதப் படிக்கத் தெரியாத மக்களுக்கு அவருடைய துணைவியார் மீனாட்சி அம்மையார் பாட்டாலேயே செய்தி சொன்னார். பாட்டுக்கள் துண்டுப் பிரசுரங்களாகவும் லயங்களுக்குள் சென்றன.

தோழர்களே! இதில் நமக்குள்ள பாடம் என்ன? ஏடு ஒரு தலைவரின் சொத்தாக இருந்தால், அவர் மனம் மாறும் அன்றே ஏடும் மாறும். சந்தா கட்டும் உறுப்பினர்களின் சொத்தாக இருந்தால், அது மாறுவதற்கு முன் நம்மைக் கேட்டாக வேண்டும்.

ரப்பர் மரங்களுக்குப் பக்கத்திலேயே துறைமுகமும் ஆலைகளும் எழுந்துவிட்ட ஊர் நம் பாசிர் கூடாங். இங்கே பல நாட்டுத் தொழிலாளர் நம்மோடு உழைக்கின்றனர். வேலை குறையும் நாளில் அவர்களைப் பழிக்கும் எழுத்து வரலாம். அன்று அந்த அம்மாவின் கேள்வியை மறவாதீர்கள்: இதை எழுதியவருக்கு யார் சொன்னது?

வாழ்க தொழிலாளர் ஒற்றுமை!